சிவக்காத உள்ளங்கை

ஏழாவது இன்னிங்ஸில் பந்து பிடித்துவிட்டு எல்மர் வந்து உட்கார்ந்ததும், பெஞ்சில் பக்கத்தில் இருந்தவன் எழுந்து தள்ளிப் போய் உட்கார்ந்தான்.

எல்மர் சிரித்துக்கொண்டான். காரணம் தெரிந்ததுதான்.

பெஞ்சின் அந்தக் கோடியில் வெர்னன் தனியாக இருந்தான். அவன் எறிந்த பந்தில் எதிரணிக்கு இதுவரை உருப்படியாக ஒரு அடிகூடக் கிடைக்கவில்லை. அப்படி எறிந்துகொண்டிருப்பவனிடம் யாரும் வாய் திறக்கக் கூடாது. பேசினால் ராசி போய்விடும். பேஸ்பால் ஆடுகிற ஊரில் பச்சைக் குழந்தைக்கும் இது தெரியும்.

வெர்னன் எறிகிற பந்தைப் பிடிப்பவன் எல்மர். இந்த மௌன விரதம் தனக்கும் சேர்த்துத்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டான்.

புகையிலைப் பையை அணியில் சின்னவனான க்ளைடிடம் நீட்டினான். கேட்காமலே கைவிட்டு அள்ளுகிறவன் அவன். இன்றைக்கு வேண்டாமென்று தலையை மட்டும் ஆட்டினான்.

"நாக்கை எங்கயாவது அடகு வெச்சுட்டியாடா?"

க்ளைட் குனிந்து ஷூ நாடாவை அவிழ்த்துத் திரும்பக் கட்டினான்.

எல்மருக்கு முப்பத்தேழு வயது. இத்தனை வருடத்தில் ஒன்பது ஊர், ஒன்பது சட்டை. பெரிய லீகில் ஆடியது ஒரே ஒரு செப்டம்பர் மாதம். அதிலும் பாதி நாள் மழை. நெப்ராஸ்காவின் இந்தச் சின்ன ஊருக்கு அவனை இழுத்து வந்ததே வெர்னன்தான். வெர்னனுடைய மகளுக்கு எல்மர் ஞானத்தந்தை.

கையுறைக்குள் விரல்களை மடக்கி நீட்டிப் பார்த்தான். வலி இல்லை. நல்ல நாள்தான்.

எட்டாவது இன்னிங்ஸில் ராசி உடைந்தது. எதிரணியில் ஒரு சோனிப் பயல் மட்டையைச் சுழற்ற, பந்து இரண்டு பேருக்கு நடுவில் போய் விழுந்தது. போனால் போகட்டும், இனிமேலாவது பேசலாமே.

பேசினார்கள். பெஞ்சுக்கு வந்ததும் வெர்னனைச் சூழ்ந்துகொண்டு முதுகில் தட்டினார்கள், கிண்டல் செய்தார்கள், தண்ணீர் மொண்டு கொடுத்தார்கள்.

எல்மரிடம் ஒருவனும் வரவில்லை.

மறுபடியும் புகையிலைப் பையை நீட்டினான். க்ளைட் அவன் முகத்தைப் பார்க்காமல் சொன்னான். "வேணாங்க."

எல்மருக்குத் தூக்கிவாரிப் போட்டது. 'யோவ் கிழவா' என்பதைத் தவிர வேறு எப்படியும் அவனைக் கூப்பிடாத வாய் அது.

சரி, தன்னைத் துரத்திவிட்டார்கள். எல்லோருக்கும் தெரிந்துவிட்டது, தனக்குத்தான் தெரியாது. இந்தப் பிழைப்பில் எப்போதும் அப்படித்தான். எழுந்து வெர்னனிடம் போனான்.

"சொல்லித் தொலைடா. எனக்குச் சீட்டுக் கிழிஞ்சுதா?"

வெர்னன் வலது முழங்கையைத் துண்டில் சுற்றிக்கொண்டிருந்தான். "உனக்கு இல்ல. மேனேஜருக்கு. காலையில நீ விரலுக்குக் கட்டுப் போடப் போயிருந்தப்ப முதலாளி வந்தாரு. நாளையிலேர்ந்து நீதான் மேனேஜராம். ஆட்டம் முடியற வரைக்கும் உங்க ரெண்டு பேர்கிட்டயும் மூச்சு விடக் கூடாதுன்னாரு."

எதிரே, ஓடுகிறவர்கள் திரும்பும் மூன்றாவது மூலைக்குப் பக்கத்தில் மேனேஜர் நின்று கைதட்டிக் கத்திக்கொண்டிருந்தார். பாவி மனுஷன், தன் கதை முடிந்தது தெரியாமல் ஓடுகிறவனுக்கு வழி காட்டிக்கொண்டிருந்தார். நேற்றுச் சாயங்காலம்கூட பீர் கடையில் எல்லோருமாகச் சேர்ந்து அவரைத்தான் திட்டித் தீர்த்தார்கள். அந்த நாற்காலியில் உட்காருகிறவனுக்கு நெஞ்சுக்குள் இருப்பது செங்கல் என்று மேசையைத் தட்டிச் சொன்னவன் எல்மர்.

"இன்னொண்ணும் சொன்னாரு" என்றான் வெர்னன். "புதுசா ஒரு பய பந்து எறிய வர்றானாம். எறியறவங்கள்ல ஒருத்தன் நாளைக்கு மூட்டை கட்டணும். யாருன்னு நீ சொல்லணுமாம்."

ஒவ்வொரு ஆட்டமும் முடிந்ததும் மேனேஜர் எல்மரைத் தனியாகக் கூப்பிட்டுக் கேட்பார், வெர்னன் கை எப்படி இருக்கிறது என்று. பிடிக்கிறவனுக்குத்தானே தெரியும். எல்மரும் ஒரு மாதமாக அதே பதிலைச் சொல்லிவருகிறான், 'கல்லு மாதிரி இருக்கு.' அவரும் நம்பினார்.

வெர்னன் துண்டை இறுக்கிக்கொண்டான். "இன்னிக்கு எப்படிடா இருந்துச்சு?"

எல்மர் கையுறையைக் கழற்றினான். நிஜமான வேகத்தில் வரும் பந்தை ஒரு பகல் முழுக்கப் பிடித்தால் உள்ளங்கை சிவந்து வீங்கிவிடும். சாப்பிடக் கரண்டிகூடப் பிடிக்க முடியாது.

எட்டு இன்னிங்ஸ் பிடித்த கை, காலையில் முகம் கழுவும்போது எப்படி இருந்ததோ அப்படியே வெளுத்துக் கிடந்தது.

சட்டென்று அதை மறுபடியும் உறைக்குள் திணித்துக்கொண்டான்.

வெர்னன் பார்த்துவிட்டிருந்தான்.