மூன்றாம் ஓலை நேரம்

சர்வரில் இரண்டாவதாக ஓர் ஆள் நுழைந்திருந்தான்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழேமுக்கால். இந்த நேரத்தில் பிரேசில்காரன் தூங்கப் போயிருப்பான், ஜப்பான்காரன் ராத்திரிதான் வருவான். மொத்தமே பதினேழு பேர் ஆடுகிற சர்வர் அது.

ஸ்டெபின் லேப்டாப்பில் கன்சோல் எண்ணைப் பார்த்தான். கண்ணைக் கசக்கிக்கொண்டு மறுபடி பார்த்தான்.

அண்ணன் ஜாக்சனின் கன்சோல்.

ஜாக்சன் செத்து ஏழு வருஷம் ஆகிறது.

மாலத்தீவுக்குச் சரக்கு கொண்டுபோன தோணி, திரும்புகிற வழியில் புயலில் மூழ்கியது. ஐந்து உடல்கள் கரைக்கு வந்தன. ஜாக்சன் வரவில்லை. அவன் பேன்ட் பையை விட்டுப் பிரியாத அந்தக் கையடக்கக் கன்சோலும் அவனோடு கடலுக்கு அடியில்தான் கிடக்கிறது என்று வீடே நம்பியது. கோர்ட்டும் நம்பி இறப்புச் சான்று கொடுத்தது.

அந்தச் சான்றை வைத்துத்தான் அண்ணி ஜெஸ்லினுக்கு வருகிற புதன்கிழமை மறுமணம். இரண்டு ஞாயிறு மாதா கோயிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசித்தாயிற்று. இன்று ஏழு மணிப் பூசை முடிவில் மூன்றாவது ஓலை. கல்யாணத்துக்குத் தடை தெரிந்தவன் வாய் திறக்க இதுதான் கடைசி வாய்ப்பு.

புருஷன் உயிரோடிருப்பதைவிட வேறென்ன தடை வேண்டும்?

வீட்டில் யாருமில்லை. அம்மா பிளாரன்ஸ், "பூசைக்கு வராம பொம்மப் படகு ஓட்டுத. ஒனக்கெல்லாம் எப்பம்லே புத்தி வரும்?" என்று திட்டிவிட்டுக் கோயிலுக்குப் போயிருந்தாள்.

வேறு எவனாவது விளையாட்டுக் காட்டுகிறானோ? வாய்ப்பே இல்லை. அந்த எண் தெரிந்த ஆள் ஸ்டெபின் ஒருத்தன்தான்.

இந்தப் படகுப் பந்தய கேமின் சர்வரைக் கம்பெனி மூடிப் பத்து வருஷத்துக்கு மேல் ஆகிறது. ஸ்டெபினும் முகம் தெரியாத நாலு ரசிகர்களும் ஒன்றரை வருஷம் மண்டையை உடைத்து அதைப் புதிதாக எழுதி ஓடவைத்தார்கள். பட்டியலில் இல்லாத கன்சோலை சர்வர் வாசலிலேயே திருப்பி அனுப்பிவிடும். பட்டியலில் முதல் எண்ணாக அண்ணனுடையதை ஏற்றியவன் ஸ்டெபின். கல்லறையில் மெழுகுதிரி வைப்பது போல, ஒரு மரியாதைக்கு.

அந்த மரியாதை இப்போது கதவைத் திறந்துவிட்டது.

பந்தயத்துக்கு அழைப்பு வந்தது. ஸ்டெபின் தன் கன்சோலில் 'சரி' என்று தட்டினான்.

எதிராளியின் நீலப் படகு முதல் வளைவிலேயே அவனைத் தாண்டிப் பறந்தது. மூன்று சுற்று. முடிவுக் கோட்டுக்கு ஒரு முழம் இருக்கும்போது நின்றது. நின்ற இடத்திலேயே வட்டமடித்தது. ஸ்டெபின் பக்கத்தில் வரும்வரை காத்திருந்து, மூக்கு நுனி வித்தியாசத்தில் கோட்டைத் தாண்டியது.

உலகத்தில் ஒருத்தனுக்குத்தான் இந்தக் கொழுப்பு உண்டு.

திரையில் ஒரு வரி விழுந்தது. ஆங்கில எழுத்தில் தூத்துக்குடித் தமிழ்.

"ஏலே, இன்னும் தோத்துக்கிட்டுதான் இருக்கியா?"

கன்சோல் கையிலிருந்து நழுவி மடியில் விழுந்தது.

உயிரோடு இருக்கிறான்! அந்தத் தோணியில் அவன் ஏறவே இல்லை. ஏழு வருஷமாக ஒரு போன் கிடையாது, ஒரு தகவல் கிடையாது. கேம் திரும்ப வந்ததும் ஆட மட்டும் வந்திருக்கிறான்.

அடுத்த வரி வந்தது.

"அம்ம சொகமா? ஜெஸ்லின் எங்கன இருக்கா?"

ஸ்டெபின் ஆணியில் தொங்கிய பைக் சாவியைப் பிடுங்கினான். கோயில் மூன்று நிமிஷத் தூரம். ஓடிப்போய்ச் சாமியாரைத் தடுத்துவிடலாம். வாசலில் ஒரு காலில் செருப்பு மாட்டியாயிற்று.

கோயில் கோபுரத்து ஒலிபெருக்கி கரகரத்தது.

"மூன்றாம் ஓலை. காலஞ்சென்ற ஜாக்சனின் மனைவி ஜெஸ்லினுக்கும், ரோச் - பிளாரன்ஸ் தம்பதியரின் இளைய மகன் ஸ்டெபினுக்கும் வருகிற புதன்கிழமை..."

இரண்டு வாரமாகக் கேட்ட அதே வரிதான்.

சட்டைப் பையில் போன் அதிர்ந்தது. ஜெஸ்லினின் குரல் செய்தி. "கேட்டுச்சா மாப்பிள்ள? இனியும் வாய் தவறித் தம்பின்னு கூப்பிட்டா ஒங்க அம்ம என்னக் கொன்னுபோடுவாவ."

கடைசியில் அவள் சிரிப்பு. அந்தச் சிரிப்பைத் திரும்பக் கொண்டுவர அவன் பட்ட பாட்டுக்கு முன்னால் சர்வர் எல்லாம் ஒன்றுமே இல்லை.

ஸ்டெபின் செருப்பைக் கழற்றினான்.

உள்ளே வந்து உட்கார்ந்து, எழுத்து எழுத்தாகத் தட்டினான்.

"ஆள் மாறிப்போச்சு அண்ணாச்சி. இத நான் பழைய சாமான் கடைல வாங்குனேன். முன்ன வச்சிருந்தது யாருன்னு தெரியாது."

பிறந்ததிலிருந்து ஜாக்சனை 'அண்ணே' என்றுதான் கூப்பிட்டிருக்கிறான். அண்ணாச்சி என்று அழைப்பது மளிகைக் கடைக்காரரை.

அனுப்பிவிட்டான்.

நீலப் படகு அசையவில்லை. ஒரு நிமிஷம் போயிற்று. இரண்டு நிமிஷம்.

பிறகு ஒரு வரி வந்தது.

"சரிலே. அம்மைக்கு சக்கர மாத்திரைய மட்டும் மறக்காம குடு."

ஸ்டெபின் பதிலுக்கு விரலைத் தூக்குவதற்குள் சர்வரில் அவன் மட்டும்தான் இருந்தான்.