மூச்சுக்கு இனம் கேட்கும் கருவி

"அந்த இனத்தை மாத்திப் போட்டுக் காட்டுங்க டாக்டர்." டாக்டரிடம் எதிர்த்து எதுவும் கேட்டுவிடாதே என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்த அப்பா, மகளின் துப்பட்டாவைப் பிடித்து இழுக்கிறார். அவருக்குக் கல் அறுக்கும் ஆலையில் வேலை. கழுவியும் போகாத தூசி புருவத்தில் வெளுத்துக் கிடக்கிறது. இப்போதுதான் மூச்சளக்கும் கருவியின் குழாயில் ஊதி முடித்து, கண்ணில் நீர் முட்ட நாற்காலியில் சாய்ந்திருக்கிறார். ஊதுவதற்கு முன் டாக்டர் அவர் முகத்தை ஒரு பார்வை பார்த்து, திரையில் 'இனம்' என்ற இடத்தில் 'இந்தியர்' என்று தட்டியதை அவள் கவனித்திருந்தாள். சன்னல் வெயில் விழுந்த திரையில் 'இயல்பு' என்று பச்சையாக நிற்கிறது. நாளையே தூசிக்குள் திரும்பலாம் என்று பொருள்.

"வெள்ளைக்காரங்கள விட நம்ம ஆளுங்களுக்கு நுரையீரலே சின்னதும்மா, அதுக்கேத்த கணக்கு இது" என்கிறார் டாக்டர், குழந்தைக்குச் சோறூட்டும் குரலில். "எங்கப்பாவோடத எப்ப அளந்தீங்க? மாத்துங்க." "விடு பாப்பா, படிச்சவங்க சொல்றாங்க." "நானும்தான் படிச்சேன்பா, நீ தின்ன தூசியில." டாக்டரின் விரல் தயங்கி 'வெள்ளையர்' என்று தட்டுகிறது. அதே மூச்சு, அதே வளைகோடு. எழுத்து மட்டும் சிவக்கிறது: 'குறைவு'. மின்விசிறி கிரீச்சிடுகிறது. "ஊதுன வாய்க்கு ஒரு பலூனாவது குடுத்திருக்கலாம்" என்று அப்பா இருமலுக்கு நடுவே சிரிக்கிறார்.

"இது சும்மா பாக்கத்தான். வேலைக்குத் தகுதின்னு தர்ற சான்றிதழ் பழைய கணக்குலதான்" என்று டாக்டர் மெதுவாகப் பச்சைக்குத் திரும்புகிறார். "நீங்களே வச்சுக்குங்க. இவர் இனி அந்த வேலைக்குப் போகமாட்டார்." "சோத்துக்கு என்னடி பண்ண?" "நான் சம்பாதிக்கலியா?" செருப்பை அப்பாவின் காலருகே நகர்த்திவைத்து, அவர் கையைத் தன் தோளில் போட்டுக்கொண்டு, கதவைத் தள்ளி வெளியே நடக்கிறாள்.