கேன் தண்ணீர்

சோதனை அறையில் நான்கு பேர் இருந்தோம்: அதிகாரி, அப்பா சென்னியப்பன், நான், எங்கள் தோட்டத்தில் வேலை செய்த ஒடிசாக்காரரின் மகன் பிகாஷ்.

சிறுவயதில் குடித்த தண்ணீர் பல்லில் தெரியும். பல் எந்த ஊரைச் சொல்கிறதோ அந்த ஊரில்தான் வாழலாம் என்பது சட்டம். அப்பாவும் பிகாஷும் தேறிவிட்டார்கள்.

அதிகாரி என் பல்லைச் சோதித்துவிட்டு, "இவரு வெளியூருங்க," என்றார்.

"ஏனுங்க, எட்டுத் தலைமுறையா இதே தோட்டத்துல பாடுபடறோம்!" என்று அப்பா கத்தினார்.

"சின்னதுல என்ன தண்ணி குடுத்தீங்க?"

"கிணத்துத் தண்ணி ஆகாதுன்னு... கேன் தண்ணிதானுங்க."

பிகாஷுக்குக் கிணற்றுத் தண்ணீரே போதும் என்று சொன்னவரும் அப்பாதான்.

"அய்யனை நான் பாத்துக்கறனுங்ண்ணா," என்றான் பிகாஷ், அப்பாவைக் காட்டி. கேலியா, பரிவா, தெரியவில்லை.

வெளியூர்க்காரரை அனுப்பிவிட்டு ஊர்க் கதவை ஊர்க்காரர்தான் பூட்ட வேண்டும் என்பது விதி. அதிகாரி நீட்டிய சாவியை அப்பா தொடவில்லை. பிகாஷ் அதை வாங்கிக்கொண்டான். நான் வெளியே வந்ததும் கதவைச் சாத்திப் பூட்டினான்.