சமையலறைக்கு வரும் ஆறு

மலைப்பனி உருகி ஓடிவரும் ஆறு அடிவாரத்துச் சரளைக்கல்லில் இறங்கி மறைந்து, நெடுந்தூரம் தள்ளி ஹிசாயேயின் ஊரில் வீட்டுக்கு வீடு சமையலறைத் தொட்டியில் ஊற்றாகக் கிளம்பும். பானை கழுவினால் தொட்டியில் வளரும் கெண்டை பருக்கைகளைத் தின்றுவிடும். மிச்சத் தண்ணீர் வாய்க்கால் வழியே அடுத்த வீட்டுக்குப் போகும். மலையில் கணவர் தெத்சுவோவை அந்த ஆறு அடித்துக்கொண்டு போன நாளிலிருந்து ஹிசாயே ஊற்றுக்கண்ணில் ஒரு வெள்ளைத் துணியைக் கட்டிவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அண்ணி, தேடுறத இன்னையோட நிறுத்திட்டாங்க" என்றார் கொழுந்தன் மசாரு. கிணறு தோண்டுகிறவர் அவர்.

"நிறுத்தட்டும் தம்பி. எப்படியும் இங்கதான வரணும்?"

"மண்ணுக்குள்ள தண்ணிதான் போகும். மனுஷன் போவானா?"

"முழு ஆளையா கேட்டேன்? சட்டை நூலு ஒண்ணு வந்தாப் போதும்."

மசாருவுக்குப் பொறுக்கவில்லை. "அன்னிக்கு ஓடின தண்ணி கல்லுக்கடியில ஊர்ந்து இங்க வர இருபது வருஷம் ஆகும் அண்ணி. உங்களுக்கு இப்பவே எழுபத்தாறு."

அவள் திரும்பிப் பார்த்தாள். "அப்ப இப்ப வர்றது?"

"இருபது வருஷத்துக்கு முந்தி உருகின பனி."

"அப்ப அவரு மலையில மரம் வெட்டிக்கிட்டிருந்தாரு. தினம் அந்த ஆத்துலதான் மூஞ்சி கழுவுவாரு." சொல்லிக்கொண்டே எழுந்தவள், தொட்டியிலிருந்து தண்ணீர் வெளியேறும் வாய்க்காலுக்குக் குறுக்கே உட்கார்ந்துவிட்டாள். தண்ணீர் விளிம்பைத் தாண்டித் தரையில் பரவத் தொடங்கியது.

"அண்ணி, அடுத்த வீட்டுக்குத் தண்ணி போகணும்!"

"கதவைச் சாத்து தம்பி" என்றாள். "வெளிய போயிடப்போறாரு."