கம்பம் நடச் சம்மதமில்லை

“ஊருக்கே வெளிச்சம் வருது. ஒத்த ஆளு குறுக்கே நிக்காரு. அவரைத் தூக்கி உள்ள வைங்க சாமி!”

ஸ்ரீவில்லிபுத்தூர் தாலுகா ஆபீஸில் டிப்டி கலெக்டர் முன் கத்தியவன் பால்சாமி, ராஜபாளையத்து மில் தொழிலாளி. அவன் பின்னால் முப்பது பேர்.

குறுக்கே நின்றவர் ஜெபதுரை. ராஜபாளையம் பிரசவ ஆஸ்பத்திரிக்கு மின்சாரக் கம்பி அவர் புஞ்சை வழியாகத்தான் போயாக வேண்டும். ஆட்சேபணை உண்டா என்று கேட்டு மின்சாரக் கம்பெனி நோட்டீஸ் அனுப்பியது. மனுஷன் ‘கம்பம் நடச் சம்மதமில்லை’ என்று ஒரே வரியில் எழுதிவிட்டார். காரணம்? மூச்சு விடவில்லை.

“போன வருசம் என் பெஞ்சாதிக்கு அரிக்கேன் வெளிச்சத்துலதான் பேறுகாலம் பாத்தாவ. புள்ள தங்கல.” பால்சாமி ஜெபதுரையைக் கைகாட்டினான். “இப்ப மறுபடி மாசமா இருக்கா. ரெண்டு கம்பம் நட்டா இவரு புஞ்சையில பருத்தி வெடிக்காதாக்கும்!”

ஜெபதுரை திரும்பியே பார்க்கவில்லை. இத்தனைக்கும் பால்சாமி அவரிடம் பத்து வருஷம் ஏர் பிடித்தவன். சொல்லாமல் கொள்ளாமல் மில்லில் சேர்ந்தான். அன்றைக்கு இருவரும் வாய்க்கு வந்தபடி பேசிக்கொண்டார்கள்.

டிப்டி கலெக்டர் பொறுமையாகத்தான் கேட்டார். “உம்மைக் கேட்காமல் உம்ம நிலத்தில் கம்பம் நடக்கூடாது. வாஸ்தவம். ஆனால் காரணமில்லாத ஆட்சேபணையைத் தள்ள எனக்கு அதிகாரம் உண்டு. காரணத்தைச் சொல்லும்.”

“இம்புட்டு பேருக்கு முன்னால சொல்ல ஏலாதுங்க.”

“இருந்தால்ல சொல்ல! வயித்தெரிச்சல்!” என்றான் பால்சாமி.

கம்பெனி இன்ஜினீயரைத் தவிர எல்லாரையும் வெளியே அனுப்பிவிட்டு, டிப்டி கலெக்டர் பேனாவை மையில் தோய்த்தார். “இப்போதும் சொல்லவில்லை என்றால் உத்தரவு போட்டுவிடுவேன்.”

ஜெபதுரை மேஜைமேல் கிடந்த வரைபடத்தில் விரலை வைத்தார்.

“கம்பி இந்த மேட்டு மேல போகுதுங்க. கொஞ்சம் கிழக்கே தள்ளிக்கிடச் சொல்லுங்க. அங்கன என் தென்னை ஆறு நிக்கு. நாளைக்கே வெட்டித் தாரேன்.”

“காய்க்கிற தென்னையா?”

“ஆமாங்க.”

“வெறும் மேட்டுக்காகவா?”

“மேட்டுல ஒரு ஓலைக்குடிசை இருக்குங்க. கம்பிக்குக் கீழ கூரை இருக்கக்கூடாது, பிரிச்சிரணும்னு அளக்க வந்தவிய பேசிக்கிட்டாவ. குடிசைக்காரன் அப்ப வேலைக்குப் போயிருந்தான், அவனுக்குத் தெரியாது. அவன் பேரு எந்தக் காகிதத்துலயும் இல்ல. நோட்டீசு எனக்குத்தான் வந்துச்சு. நான் வேணாம்னு எழுதாட்டி பொறவு யாரு எழுதுவா?”

“இதை எல்லார் முன்னாலும் சொன்னால் என்ன?”

“ஒண்ட ஒரு அடி மண்ணு சொந்தமா இல்லாதவன்னு நாலு பேரு முன்னால சொல்லிக்காட்டவாங்க?”

டிப்டி கலெக்டர் இன்ஜினீயரைப் பார்த்தார். “இதனால் ஆஸ்பத்திரிக்கு வெளிச்சம் தாமதமாகுமா?”

“ஒரு நாள்கூட ஆகாது சார்.”

‘கிழக்கே மாற்றவும்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார் டிப்டி கலெக்டர். “யார் ஐயா அந்தக் குடிசைக்காரன்?”

ஜன்னலுக்கு வெளியே சத்தம் கேட்டது. “இந்தாளு நல்லா இருப்பாரா? மண்ணாத்தான் போவாரு!”

“அந்தா, ஏசிக்கிட்டு இருக்கானே, அவன்தாங்க” என்றார் ஜெபதுரை.

டிப்டி கலெக்டர் திகைத்துப் போனார். “அவனிடம் தனியாகவாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?”

“எப்படிங்க சொல்ல? எங்களுக்குள்ள ரெண்டு வருசமா பேச்சே கிடையாது!”