பாக்கி ஏதுமில்லை

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, வக்கீல் நீட்டிய நகலை மறுபடியும் பார்த்தாள்.

சு. வீரணன்.

கடைசி எழுத்தை நீட்டி, அடியில் ஒரு கோடு இழுத்து, கோட்டின் நுனியில் ஒரு புள்ளி. கையெழுத்துப் போடச் சொன்னால் கோலம் போடுகிறீர்களே என்று கல்யாணமான புதிதில் அவரைக் கேலி செய்திருக்கிறாள்.

அதற்கு மேலே இரண்டே வரி.

'பால வேலைக்கான முழுத் தொகையையும் பெற்றுக்கொண்டேன். இனி எனக்குப் பாக்கி ஏதுமில்லை.'

பெற்றுக்கொண்டாராம்! காண்ட்ராக்ட் எடுத்து அவர் கட்டிய பாலத்துக்கு வரவேண்டிய பதினெட்டு லட்சத்தில் வந்தது ஒன்றரை லட்சம். அந்தக் கொஞ்சத்தைக் கொடுப்பதற்கும் முன்கூட்டியே இப்படி எழுதி வாங்கிக்கொள்வது, வேலையைக் கொடுத்த அந்த ஆபீஸின் வழக்கம். எழுதித் தராதவரின் ஃபைல் நகராது. அவள் போட்ட கேஸுக்கு இந்தத் தாளைத்தான் பதிலாகக் கோர்ட்டில் கொடுத்திருந்தார்கள்.

அந்தப் பாலத்தின் மேல்தான் காலையில் வந்தாள். பஸ் கொஞ்சம்கூடக் குலுங்கவில்லை.

கேஸ் போடுங்கள், கேஸ் போடுங்கள் என்று இரண்டு வருடம் அவர் உயிரை எடுத்தாள். பார்க்கலாம் என்பார். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது. போன மார்கழியில், பக்கத்து வீட்டார் பார்த்துக்கொண்டிருக்க, பயந்தாங்கொள்ளிக்கு வாழ்க்கைப்பட்டுவிட்டேன் என்று கத்தினாள்.

அவர் ஒரு செம்புத் தண்ணீரைக் குடித்துவிட்டு வெளியே போனார்.

தை பிறந்தபோது அவர் இல்லை. மாரடைப்பு.

சங்கிலியை விற்று அவளே கேஸ் போட்டாள். இப்போதாவது ஒருத்தி தைரியமாகக் கேட்கிறாளே என்று தன்னைத் தானே மெச்சிக்கொண்டும் இருந்தாள்.

கையெழுத்துக்குப் பக்கத்தில் தேதி இருந்தது.

அந்த இரண்டு வருடத்துக்கு முந்தைய அக்டோபர் பதினொன்று.

பன்னிரண்டாம் தேதி அவளுக்குக் கர்ப்பப்பை ஆபரேஷன். ரத்தம் நிற்காமல் போய்க்கொண்டிருந்தது. பணம் கட்டாமல் தியேட்டருக்குள் கொண்டுபோக மாட்டோம் என்று ஆஸ்பத்திரியில் கறாராகச் சொல்லிவிட்டார்கள். முந்தின நாள் மத்தியானம் அவர் வேர்த்து விறுவிறுத்து ஓடி வந்தார். பாலத்துப் பணம் வந்துவிட்டதா என்று அரை மயக்கத்தில் கேட்டாள்.

"கொஞ்சம் வந்துருக்கு. மிச்சம் பெறகு வரும். நீ கண்ண மூடிப் படு."

பாவி மனுஷன். சொல்லியிருக்கலாம்.

வக்கீல் அந்தோணிசாமி மின்விசிறியின் வேகத்தைக் குறைத்தார். நல்ல மனிதர். பாதி ஃபீஸ்தான் வாங்கியிருந்தார்.

"கட்டாயத்துல எழுதி வாங்குனாங்கன்னு வாதாடலாம்மா. ஆனா அதச் சொல்ல வேண்டியவர் இல்லையே."

மேசை மேல் இல்லாத தூசியைத் தட்டினார்.

"இது அவரு கையெழுத்தே இல்லன்னு நீங்க சொன்னா, அது வேற. நல்லாப் பாத்துச் சொல்லுங்க."

சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

பாலத்துக்குக் கடனாக வாங்கிய கம்பிக்கு ஈடாக வீட்டுப் பத்திரம் கம்பிக் கடைக்காரரிடம் இருக்கிறது. சித்திரை வரைதான் கெடு. இல்லை என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். கேட்க அவரும் வரப்போவதில்லை.

அந்தப் புள்ளியின் மேல் விரலை வைத்தாள்.

அவர் எப்போதும் வைக்கிற புள்ளி கடுகளவு இருக்கும். இது மை ஊறிப் பரந்திருந்தது. நகலிலேயே அது தெரிந்தது. பேனாவை அங்கிருந்து எடுக்காமல் வெகுநேரம் வைத்திருந்திருக்கிறார்.



"அவரு கையெழுத்துதாங்கய்யா."

வக்கீல் கேஸ் கட்டை மூடினார்.

இனிக் கேஸ் என்ன ஆகும் என்று அவள் கேட்கவில்லை. அந்தத் தாளை வீட்டுக்கு எடுத்துப்போகலாமா என்று மட்டும் கேட்டாள்.