விரலுக்கடியில் இருந்த எண்

ஆகஸ்டு பதினேழாம் நாள், வியாழக்கிழமை, முற்பகல் பதினொன்றரை மணி. ஆய்வு மாணவி ஒருத்தியின் நான்காண்டு உழைப்பைத் தேய்த்தழிப்பதற்காக, துறைத்தலைவர் ஒருவர் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தார். நான் சொல்லவந்த வழக்கு இதுதான்.

அவர் அவளுக்கு அந்நியரும் அல்லர். உடன்பிறந்த அக்காளின் கணவர். வீட்டில் அத்தான். ஆய்வுக்கூடத்தில் சார்.

அவர்முன் கனத்த கண்ணாடிப் பலகை. அதன்மேல், கல்லைத் தேய்ப்பதற்காக நீரில் குழைத்த உரைபொடி. சிறிய கண்ணாடித் தகடு ஒன்றின் அடியில் ஒட்டியிருந்த நகத்தளவுக் கல்லை, தகட்டின் முதுகில் விரல்களை ஊன்றி, அவர் தேய்க்கத் தொடங்கினார்.

கல் என்பது பேச்சுக்குத்தான். உண்மையில் அது பாசிவிலங்குகளின் குடியிருப்பு. கடலடியில் பாசிபோல் படர்ந்து, ஊசிமுனையளவு அறைகளைச் சுண்ணாம்பால் கட்டிக் கூட்டமாக வாழ்ந்த சிற்றுயிர்கள் அவை. அந்த அறைகளைக் காணவேண்டுமானால், ஒளி ஊடுருவும் அளவுக்குக் கல்லை மெலிதாக்கவேண்டும். அதற்குமேல் நாலு சுற்றுச் சுற்றினால் மிஞ்சுவது வெறுங்கண்ணாடி.

அத்தானின் புகழ் முழுவதும் ஒரே வாக்கியத்தின்மேல் நின்றது: இருபத்தைந்து கோடி ஆண்டுகளுக்கு முன், கடலில் உயிர்க்காற்று அற்றுப்போனபோது, தாம் கண்டெடுத்துப் பெயர் சூட்டிய இனமும் பூண்டோடு அழிந்தது.

அழியவில்லை என்றது அவளுடைய கல். அந்தப் பேரழிவுக்குப் பின் படிந்த மேலடுக்கிலிருந்து அவள் அதைப் பெயர்த்தெடுத்திருந்தாள். திங்கட்கிழமை தேர்வுக்குழுவின்முன் அதை வைத்தால் அவளுக்குப் பட்டம் உண்டு. கல் இல்லையென்றால் பட்டமும் இல்லை.

கொண்டு வா, நானே மெலிதாக்கிப் பார்க்கிறேன் என்று அவர் காலையில் கட்டளையிட்டபோதே, அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. அவர் கல்லைத் தொட்டுப் பத்தொன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன.

"போதும் அத்தான். வெளிச்சம் வந்துடுச்சு."

அந்த உறவுமுறை ஆய்வுக்கூடத்தில் அவள் வாயிலிருந்து வந்தது அன்றுதான் முதன்முறை.

"வீட்டுல உங்கக்கா, இங்க நீ. என் கையைப் பிடிச்சு நிறுத்தறதே உங்க குடும்பத் தொழிலா?"

சுற்றி நின்ற மற்ற ஆய்வு மாணவர் மூவரும் சிரித்தார்கள். சிரிக்காவிட்டால் அடுத்த கல் யாருடையது என்பது அவர்களுக்குத் தெரியும்.

"நம்பரையாவது ஒரு தடவை பாத்துட்டுத் தேயுங்களேன்."

"எனக்கே நம்பர் சொல்லித் தர்றியா? இந்தப் பூச்சிக்குப் பேர் வெச்சவனே நான்தாம்மா."

தகட்டில் கீறிய கல்லின் எண் அவருடைய விரலுக்கடியில்தான் இருந்தது. விரலைத் தூக்கினால் போதும். அவர் தூக்கவில்லை.

கல் தேய்ந்தால் கரகரவென்னும். கண்ணாடி தேய்ந்தால் கிறீச்சென்னும்.

கிறீச்சென்றது.

"அடடா, போயிடுச்சேம்மா! சரி விடு. அடுத்த வருஷம் வேற கல்லு தேடிக்கலாம்."

துக்கத்தையும் அவர் வீட்டிலிருந்தே தயாரித்துக் கொண்டுவந்திருந்தார்.

தகட்டைக் கழுவி, எல்லாரும் காணட்டும் என்று சன்னல் வெளிச்சத்தில் உயர்த்திப் பிடித்தார். வெறுங்கண்ணாடி. அதன் ஓரத்தில், வைரமுனை எழுதுகோலால் கீறிய எண்: ஒன்று.

கீறியிருந்த கையெழுத்து அவருடையது.

பத்தொன்பது ஆண்டுகளுக்கு முன் மேற்பரப்பை மட்டும் பார்த்துப் பெயர் சூட்டிவிட்டு, உள்ளறைகளைத் தேய்த்துப் பார்க்கும் பொறுமையின்றி அவர் இரும்பு அலமாரிக்குள் வைத்த முதற்கல் அது. அவ்வினத்தின் பெயரைத் தாங்கி நின்றது அதுவே. அலமாரியின் சாவியை, எழுந்து நடக்கச் சோம்பி, நான்காண்டுகளுக்கு முன் மச்சினியிடம் கொடுத்தவரும் அவரே.

உரைபொடிச் சேற்றில் எல்லாக் கற்களும் ஒரே சாம்பல் நிறம்.

உயர்த்திய கை கீழே இறங்கவில்லை. சிரித்த மூவரும் கூரையைப் பார்த்தார்கள்.

பெயர் தாங்கிய கல் அழிந்துபோனால், அதே இனத்தின் வேறொரு கல்லை அந்த இடத்தில் அமர்த்தலாம் என்பது இத்துறையின் விதி. அவ்வினத்துக்கு உலகில் மீதமிருந்தது ஒரே கல். அது அவளுடைய மேலங்கிப் பையில், பஞ்சுக்குள், தேயாமல் கிடந்தது. இனி அவர் சூட்டிய பெயர் நிலைக்கவேண்டுமானால், அவருடைய வாக்கியத்தைப் பொய்யாக்கும் அந்தக் கல்லின்மேல்தான் நிலைக்கவேண்டும்.

அவள் ஒரு துண்டை எடுத்து நீட்டினாள்.

"கையைத் துடைச்சுக்குங்க, சார்."

ஒரே சொல்லில் அவள் அவரைத் தடுத்திருக்கலாம். தடுக்கவில்லை. அதை நான் மறைக்கப்போவதில்லை.

அவர் இன்றுவரை புகார் எழுதவில்லை. எழுதினால், இன்ன கல்லென்று எண்ணித் தேய்த்தேன் என்பதையும் எழுதவேண்டும்.

வாசகரே, அவளைக் குற்றவாளி என்று சொல்ல உமக்கு நாக்குத் துறுதுறுக்கிறதா? தாராளமாகச் சொல்லும். அதற்குமுன் அவரிடம் போய், எந்தக் கல்லென்று நினைத்துத் தேய்த்தீர் என்று கேட்டு, விடையை எழுத்தில், கையொப்பத்துடன், வாங்கி வாரும்.